கனவைத் திருத்தலாம், ஞாபகத்தைத் தொடலாகாது

ஹாரி பாட்டர் கதை வரிசையில் நான்காவதாக 2000ஆம் ஆண்டில் வெளிவந்த நாவலில், உலகக் கோப்பைப் பந்தயம் பார்க்க வந்த மந்திரவாதிகள் பெருங்கூட்டமாகக் கூடாரம் அடித்துத் தங்கும் மைதானத்துக்குப் பொறுப்பாளராக, மந்திரம் என்று ஒன்று உலகில் உண்டென்பதையே அறியாத ராபர்ட்ஸ் என்னும் சாதாரண மனிதர் ஒருவர் வருகிறார். வந்தவர்களில் பலருக்கு நோட்டின் மதிப்பே தெரியவில்லையே, ஓரிருவர் தட்டளவு பொற்காசை நீட்டுகிறார்களே என்று வாடகை வாங்கும் இடத்தில் அவருக்கு நியாயமான சந்தேகம் எழுகிறது. எழுந்த மாத்திரத்தில் எங்கிருந்தோ ஓர் உத்தியோகஸ்தர் தோன்றிக் கோலை நீட்டி ஒரு சொல்லை உச்சரிக்க, நெரிந்திருந்த புருவம் நிமிர்ந்து, பார்வை எங்கோ நழுவி, முகத்தில் ஒரு மந்தமான சாந்தம் படிந்துவிடுகிறது. நாளைக்குப் பத்து முறை இப்படிச் செய்தால்தான் இவரைச் சமாளிக்க முடிகிறது என்று உத்தியோகஸ்தர் அலுத்துக்கொள்கிறார். பந்தயம் முடிந்த இரவில் முகமூடிக் கயவர் கூட்டம் ஒன்று ராபர்ட்ஸையும் அவர் மனைவி மக்களையும் ஆகாயத்தில் தூக்கிப் பொம்மைகளைப்போல் சுழற்றி வேடிக்கை பார்க்கிறது. மறுநாள் காலையில் அவருக்கு அதில் ஒன்றும் ஞாபகமில்லை. ஆகஸ்டு மாதத்தில், விடைபெற்றுப் போகிறவர்களைப் பார்த்து அவர் கிறிஸ்துமஸ் வாழ்த்துச் சொல்கிறார்.

வாசகர் சிரிக்கவேண்டும் என்று எழுதிய இடம் அது. எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஆப்லிவியேட்டர் என்று ஆசிரியை பெயரிட்டிருக்கும் அந்த மறதி உத்தியோகஸ்தர்கள் அக்கதை உலகத்தில் சர்க்கார் சம்பளம் வாங்குகிறவர்கள். அவர்களை யாரும் கொடியவர் என்று சொல்வதில்லை. ஆனால் கயவர் கூட்டம் ராபர்ட்ஸ் குடும்பத்துக்கு இழைத்த தீங்கைவிடச் சர்க்கார் இழைத்த தீங்கே பெரிது என்பது என் அபிப்பிராயம். முன்னது ஓர் இரவுத் துன்பம். பின்னது, தமக்குத் துன்பம் நேர்ந்தது என்று முறையிடும் வாயையே அடைத்துவிட்ட காரியம். குற்றம் செய்தவன் தப்பிப்பதற்கு இதைவிடச் சௌகரியமான ஏற்பாடு இல்லை. அந்த ஏற்பாட்டைச் செய்து கொடுத்தவர்கள் நல்லவர்கள் என்பதுதான் அதில் உள்ள விபரீதம். அதே வரிசையின் இரண்டாவது நாவலில் வரும் லாக்ஹார்ட் என்ற ஆசாமி, பிறர் செய்த தீரச் செயல்களைக் கேட்டு எழுதிக்கொண்டு, செய்தவர்களின் ஞாபகத்தை அழித்துவிட்டு, எல்லாம் தான் செய்தவையே என்று புத்தகம் போட்டுப் பிரசித்தி அடைகிறான். அவனை வாசகர் வெறுக்கிறார்கள். தொழில் ஒன்றுதான், ஒருவன் தன் புகழுக்காகச் செய்கிறான், மற்றவர்கள் பொது அமைதிக்காகச் செய்கிறார்கள்.

ஞாபகத்தையும் சொப்பனத்தையும் மந்திரத்தால் வனைந்து கொடுக்கும் தொழிலாளி ஒருவன் நாளைக்கு நம் தெருவில் பலகை மாட்டிக் கடை திறந்தால், அவனுக்கு உரிமம் வழங்கலாமா என்பதே இங்கு நான் எடுத்துக்கொண்ட விஷயம். இரண்டு சரக்கையும் ஒரே உரிமத்தில் விற்க விடக் கூடாது என்பேன். சொப்பனம் அவரவர் சொந்தச் சொத்து. ஞாபகமோ பாகப்பிரிவினை ஆகாத குடும்பச் சொத்தைப் போன்றது. ஒருவர் பெயரில் பட்டா இருந்தாலும் அதில் பலருக்குப் பாத்தியதை உண்டு.

நம் தேசத்துப் பழைய கதை ஒன்று இந்தப் பாத்தியதையை நன்றாகக் காட்டுகிறது. மகாபாரதத்துச் சகுந்தலைக் கதையில் துஷ்யந்தனுக்கு மறதியே கிடையாது. சபையில் வந்து நிற்கிற மனைவியையும் பிள்ளையையும் அவனுக்கு நன்றாகத் தெரியும். ஊரார் என்ன சொல்வார்களோ என்ற பயத்தில் தெரியாதவன்போல் பேசுகிறான். அசரீரி எழுந்து உண்மையைச் சொன்ன பிறகுதான் ஏற்றுக்கொள்கிறான். அதை நாடகமாக்க வந்த காளிதாசன், இப்படிப்பட்ட ஒருவனைக் கதாநாயகனாக வைத்துச் சபையோரை அழவைக்க முடியாது என்று கண்டுதான் போலும், துர்வாச முனிவரின் சாபத்தை நடுவில் கொண்டுவந்து, அரசனுக்கு உண்மையாகவே மறதி வந்ததாகக் கதையை மாற்றினான். சாபம் விழுந்தது சகுந்தலையின் மீது. ஞாபகம் அழிந்தது அரசனுக்கு. அதனால் லாபம் அடைந்தவனும் அரசனே, ஏனெனில் பொய்யன் என்ற பழி அவனை விட்டு நீங்கிவிட்டது. நஷ்டம் முழுவதும், அழிந்த ஞாபகத்தின் மறுபாதியைத் தன்னிடம் வைத்துக்கொண்டு சபை நடுவே நின்ற கர்ப்பிணியைச் சேர்ந்தது. மீன் வயிற்றில் கணையாழியைக் கண்டெடுத்த செம்படவனும், திருட்டுச் சொத்து என்ற சந்தேகத்தின்பேரில் காவலரிடம் அடிபட்டு, தன் பங்குக்கு அந்த மறதியின் செலவில் கொஞ்சம் கொடுத்தான். ஒரு மனிதனுடைய தலைக்குள் ஒரு ஞாபகம் அழிந்தால் ஊரில் எத்தனை பேர் அதற்கு விலை கொடுக்க நேர்கிறது என்பதை இவ்வளவு கச்சிதமாகக் காட்டிய நாடகம் வேறு இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை.

இதெல்லாம் கற்பனை, இப்படி ஒரு தொழில் உலகத்தில் கிடையாது என்று சொல்லிவிடுவது சுலபம். குழந்தைகளின் அறிவு வளரும் விதத்தை ஆராய்ந்து உலகப் புகழ் பெற்ற ழான் பியாஜே, தம்முடைய இளமைக்கால ஞாபகங்களில் மிகத் தெளிவான ஒன்றைப் பற்றி எழுதியிருக்கிறார். இரண்டு வயதில் அவரைத் தள்ளுவண்டியில் வைத்துப் பாரிஸ் நகரத்து ஷான்ஸெலிஸே வீதியில் தாதி தள்ளிக்கொண்டு போகையில், ஒருவன் குழந்தையைக் கடத்த முயன்றான். இடுப்பைச் சுற்றியிருந்த வார் குழந்தையைக் காத்தது. தாதி குறுக்கே நின்று போராடியதில் அவள் முகத்தில் கீறல் விழுந்தது. குட்டை அங்கியும் வெள்ளைக் கோலுமாகப் போலீஸ்காரன் வந்து சேர, அவன் ஓடிப்போனான். இத்தனையும் பியாஜேயின் கண்ணுக்குள் படம்போல் இருந்தன. அவருக்குப் பதினைந்து வயதாகும்போது, மதப் பற்று மேலிட்டு இரட்சணிய சேனையில் சேர்ந்துவிட்ட அந்தத் தாதி, தான் சொன்னது அத்தனையும் பொய் என்றும், கீறல்கூடத் தானே உண்டாக்கிக்கொண்டது என்றும் ஒப்புக்கொண்டு, வீரத்துக்குப் பரிசாக அந்த வீட்டார் கொடுத்திருந்த கடிகாரத்தைத் திருப்பி அனுப்பினாள். கடிகாரம் திரும்பி வந்தது, ஞாபகம் போகவில்லை. நம் மந்திரவாதி திறக்கப்போகிற கடையில் அவனுக்கு முன்பே வேலை பார்த்து, கூலியும் வாங்கிக்கொண்டவள் அந்தத் தாதி என்றுதான் நான் கருதுகிறேன். அவளிடம் மந்திரக் கோல் இல்லை. குழந்தை காதில் விழும்படி பெரியவர்கள் பலமுறை திரும்பத் திரும்பச் சொன்ன கதை ஒன்றே போதுமானதாக இருந்தது.

பிற்பாடு அமெரிக்காவில் எலிசபெத் லாஃப்டஸ் என்ற மனோதத்துவ அறிஞர் இந்தக் கைத்தொழிலின் கருவிகளை ஒவ்வொன்றாக எடுத்து வெளிச்சத்தில் வைத்தார். 1974இல் அவரும் ஜான் பாமரும் நடத்திய பரிசோதனையில், மாணவர்களுக்குக் கார் விபத்துப் படம் ஒன்றைக் காட்டிவிட்டு, சிலரிடம் கார்கள் ‘மோதி நொறுங்கியபோது’ என்ன வேகத்தில் போயின என்றும், சிலரிடம் ‘இடித்தபோது’ என்ன வேகம் என்றும் கேட்டார்கள். ஒரு வாரம் கழித்து அழைத்து, உடைந்த கண்ணாடியைப் பார்த்தீர்களா என்று வினவியபோது, ‘நொறுங்கிய’ என்ற சொல்லைக் கேட்டிருந்த 50 பேரில் 16 பேர் பார்த்தோம் என்றனர். ‘இடித்த’ என்ற சொல்லைக் கேட்டிருந்த 50 பேரில் 7 பேரே அப்படிச் சொன்னார்கள். படத்தில் உடைந்த கண்ணாடியே இல்லை. 1995இல் வெளியான இன்னொரு ஆராய்ச்சியில், சிறுவயதில் கடைத்தெருவில் காணாமற்போய் அழுததாக, நடக்காத சம்பவம் ஒன்றை, குடும்பத்தார் சொன்ன மூன்று உண்மைச் சம்பவங்களோடு கலந்து 24 பேருக்குக் கொடுத்தார்கள். அவர்களில் ஏறக்குறைய நால்வரில் ஒருவர் அது தமக்கு நேர்ந்ததாக முழுவதுமோ கொஞ்சமோ ஞாபகப்படுத்திக்கொண்டார்.

நம்முடைய நியாயஸ்தலங்கள் இதை அறியாதவை அல்ல. 1872ஆம் ஆண்டின் இந்தியச் சாட்சியச் சட்டம், விடையைத் தானே எடுத்துக் கொடுக்கும் கேள்வியை, எதிர்த்தரப்பார் ஆட்சேபித்தால், நீதிபதியின் அனுமதியின்றி முதல் விசாரணையில் கேட்கலாகாது என்று விதித்தது. குறுக்கு விசாரணையில் மட்டும் அதற்கு இடங்கொடுத்தது. லாஃப்டஸின் பரிசோதனைக்கு நூற்றிரண்டு வருஷம் முந்திய விவேகம் அது. ஆனால் சாட்சி கூண்டில் ஏறுவதற்கு முன், மாதக்கணக்கில், சில வேளைகளில் வருஷக்கணக்கில், காவல் நிலையத்திலும் வீட்டுத் திண்ணையிலும் தேநீர்க் கடையிலும் அவரிடம் எத்தனை பேர் எத்தனை விதமாகக் கேட்டார்கள் என்பதைப் பற்றிச் சட்டத்துக்கு அவ்வளவு கவலையில்லை. கூண்டில் கேட்கப்படும் கேள்விக்குக் காவல் போட்டுவிட்டு, கேள்வி ஊறிப்போன நாட்களுக்குக் காவல் போடாமல் விட்டிருக்கிறோம். பெரிய குற்ற வழக்குகளிலாவது சாட்சி முதன்முதல் சொன்ன வார்த்தையை அன்றைக்கே ஒலிப்பதிவு செய்து வைக்கவேண்டும் என்று நெடுநாளாகச் சொல்லப்பட்டு வருவதை நான் முழு மனத்துடன் ஆதரிக்கிறேன்.

ஞாபகம் தானாகவே தேய்ந்தும் திரிந்தும் போகிற பொருள்தானே, அதற்கு ஏன் இவ்வளவு பாதுகாப்பு என்று கேட்பவர்கள் உண்டு. வாஸ்தவம். ஞாபகப்படுத்திக்கொள்ளும் ஒவ்வொரு தடவையும் நாம் பழையதைப் புதிதாகக் கட்டுகிறோம் என்று கேம்பிரிட்ஜில் பார்ட்லெட் 1932இலேயே எழுதினார். 2000ஆம் ஆண்டில் கரீம் நாதர் என்பவர், பழகிப்போன ஒரு பயத்தை எலிகளுக்கு மீண்டும் ஞாபகமூட்டி, அந்தச் சமயத்தில் மூளையின் குறிப்பிட்ட பகுதியில் மருந்து செலுத்தினால் அந்தப் பயம் திரும்ப உறைந்துகொள்ளாமல் போகிறது என்று காட்டினார். நோபல் பரிசு பெற்ற சுசுமு டோனேகாவாவின் ஆய்வுக்கூடத்தில் 2013இல், ஒரு பெட்டியில் எதுவும் நேராத சுண்டெலிக்கு, அங்கே தனக்கு மின்னதிர்ச்சி ஏற்பட்டது என்ற பொய்ப் பயத்தை ஒளியின் உதவியால் உண்டாக்கினார்கள். ஞாபகம் இளகும் பொருள் என்பதற்கு இனிச் சாட்சி வேண்டியதில்லை. ஆனால் மழையில் தானாகக் கரைகிற கல்வெட்டுக்கும், ஒருவன் உளியெடுத்துப் பெயரை மாற்றுகிற கல்வெட்டுக்கும் உள்ள பேதத்தை எந்த ஊர்ப் பஞ்சாயத்தும் அறியும்.

சொப்பனத்தின் சங்கதி வேறு. பாணாசுரன் மகள் உஷை ஒரு நாள் கனவில் அழகிய வாலிபன் ஒருவனைக் கண்டு, விழித்ததும் அவனைக் காணாமல் தவிக்கிறாள். மந்திரி மகளும் தோழியுமான சித்திரலேகை, தேவர் கந்தர்வர் மனிதர் என்று வரிசையாக எழுதிக் காட்டிக்கொண்டே வந்து, கிருஷ்ணனின் பேரன் அநிருத்தன் முகம் வந்தபோது தோழியின் நாணத்தைக் கண்டு ஆளை அறிந்துகொள்கிறாள் என்று பாகவதம் சொல்கிறது. அதுவரையில் அவள் செய்தது உத்தமமான தொழில். பிறர் கண்ட கனவைக் கூட்டாமல் குறைக்காமல் கண்டவளிடமே கொடுத்தாள். அதற்கப்பால் யோக சக்தியால் துவாரகைக்குப் போய், உறங்கிக்கொண்டிருந்த பிள்ளையைச் சம்மதம் கேளாமல் தூக்கி வந்தாளே, அங்கேதான் வம்பு தொடங்கி, யுத்தத்தில் பாணாசுரனின் ஆயிரம் கைகளில் நான்கு தவிர மற்றவை வெட்டுண்டு போயின. கனவு கண்டவள் வரையில் நிற்கும் மட்டும் எவருக்கும் சேதமில்லை.

கனவை வனையும் தொழிலுக்கு உண்மையிலேயே ஒரு முன்னோடி உண்டென்றால், பிரான்ஸ் தேசத்தில் பெயர் தெரியாமற்போன ஒரு வேலைக்காரனையே சொல்லவேண்டும். அவனுடைய எஜமானர் எர்வே த சென் தெனி என்ற பிரபு சீன மொழி வல்லுநர். 1867இல், கனவுகளை வழிநடத்தும் உபாயங்களைப் பற்றித் தம் பெயர் போடாமல் ஒரு நூல் வெளியிட்டார். விவாரே என்ற மலைப்பிரதேசத்தில் தங்கியிருந்த நாட்களில், அதுவரை உபயோகித்திராத வாசனைத் திரவியம் ஒன்றைக் கைக்குட்டையில் தெளித்துத் தினந்தோறும் முகர்ந்துவந்தார். ஊர் திரும்பியதும் புட்டியை மூடிவைத்துவிட்டார். மாதங்கள் கழிந்த பின் வேலைக்காரனிடம் அதைக் கொடுத்து, தாம் அயர்ந்து உறங்கும் ஏதோ ஒரு நாள், எந்த நாள் என்று தமக்குச் சொல்லாமல், தலையணையில் சில துளிகள் விடும்படி கட்டளையிட்டார். அவன் துளி விட்ட நாளில் பிரபுவின் கனவில் விவாரேயின் மலைகள் வந்தன. ராஜாக்களின் சொப்பனத்தில் தெய்வம் வந்து கோயில் கட்டச் சொல்லிய கதைகளைக் கேட்டு வளர்ந்த நமக்கு, ஒரு வேலைக்காரன் கையில் புட்டியுடன் இருட்டில் நின்று எஜமானனை மலைநாட்டுக்கு அனுப்பிவைத்தான் என்பது சற்றே வேடிக்கையாக இருக்கலாம். என் மனத்துக்கு உகந்தது அதிலுள்ள ஒப்பந்தம்: எந்த இடம் என்பதை உறங்குகிறவர் தீர்மானித்தார், எந்த இரவு என்பதை மட்டும் தொழிலாளி தீர்மானித்தான்.

இந்த ஒப்பந்தத்தைக் கெடுத்தவர்கள் வியாபாரிகள். 2021இல் அமெரிக்கக் கால்பந்து இறுதிப் போட்டிக்கு முன்னதாக மோல்சன் கூர்ஸ் என்ற பீர்க் கம்பெனி, மலையும் அருவியுமாக ஒரு படத்தையும், இரவு முழுவதும் ஒலிக்கும் இசையையும் தயாரித்து, படுக்கும் முன் இதைப் பாருங்கள், உறங்கும்போது இதைக் கேளுங்கள், கனவில் எங்கள் சரக்கு வரும் என்று ஜனங்களை அழைத்தது. பங்கு கொண்டவர்களுக்கு விலையில் சலுகையும் உண்டு. அதைக் கண்டு நித்திரையையும் கனவையும் ஆராயும் விஞ்ஞானிகள் சுமார் நாற்பது பேர் சேர்ந்து, உறக்கத்துக்குள் விளம்பரம் நுழைவதைத் தடுக்கச் சட்டம் வேண்டுமென்று பகிரங்கக் கடிதம் எழுதினார்கள். கேட்பவன் இஷ்டப்பட்டுத்தானே கேட்டான் என்று கம்பெனிக்காகப் பேசலாம். பேசட்டும். விழித்திருப்பவன் விளம்பரத்தைக் கண்டு முகத்தைத் திருப்பிக்கொள்ள முடியும். உறங்குகிறவனுக்குத் திருப்பிக்கொள்ள முகமில்லை. கனவுத் தொழிலுக்கு உரிமம் வழங்கினால், கூலி கொடுப்பவரும் கனவு காண்பவரும் ஒரே ஆளாக இருக்கவேண்டும் என்ற நிபந்தனையை முதல் நிபந்தனையாக எழுதுவேன்.

கனவைத் திருத்துவதால் விளையும் நன்மை அற்பமானதல்ல. அமெரிக்காவில் நியூ மெக்சிகோ மாகாணத்தில், பாலியல் வன்முறைக்கு ஆளாகி வருஷக்கணக்காகத் துர்ச்சொப்பனத்தால் துன்புற்று வந்த 168 பெண்களை வைத்து, பாரி க்ராகோ என்ற வைத்தியரும் அவர் குழுவினரும் நடத்திய பரிசோதனை 2001இல் வெளியாயிற்று. முறை மிகவும் எளியது. அச்சுறுத்தும் கனவு ஒன்றை எடுத்துக்கொண்டு, உன் இஷ்டப்படி அதை மாற்று என்பார்கள். எப்படி மாற்றவேண்டும் என்று வைத்தியர் சொல்வதில்லை. மாற்றிய கனவைப் பகலில் விழித்தபடியே சிறிது நேரம் தினந்தோறும் மனத்தில் ஓட்டிப் பார்க்கவேண்டும். அவ்வளவே. பயிற்சி பெற்றவர்களுக்குத் துர்ச்சொப்பனம் குறைந்தது, உறக்கம் சீர்ப்பட்டது. அந்தப் பெண்களுக்கு நேர்ந்த கொடுமையின் ஒரு விவரமும் இதனால் மாறிவிடவில்லை. நாளை நியாயஸ்தலத்தில் நின்றாலும் அவர்கள் சொல்லவேண்டியது அப்படியே இருக்கும்.

அப்படியானால், பொறுக்கமுடியாத ஞாபகத்தால் பகலிலும் துன்புறுகிறவர்களை என்ன செய்வது? இங்கேதான் என் வாதம் கடினமான பாறையில் முட்டுகிறது. மான்ட்ரீல் நகரத்தில் அலேன் ப்ரூனே என்ற ஆராய்ச்சியாளர், ரத்த அழுத்தத்துக்கும் இருதய நோய்க்கும் வெகுகாலமாகக் கொடுக்கப்பட்டு வரும் புரோப்ரனலால் மாத்திரையைக் கொடுத்து, ஒன்றரை மணி நேரம் கழித்து, நேர்ந்ததை நோயாளியின் கையாலேயே எழுதச் செய்து வாசிக்கச் சொல்வார். வாரம் ஒரு முறையாக ஆறு வாரம். எழுதிய சம்பவம் அப்படியே இருக்கிறது. வாசிக்கும்போது உடல் பதறுவது பலருக்குக் குறைகிறது என்று 2018இல் வெளியிட்டார். இம்மாதிரிப் பரிசோதனைகள் எல்லாவற்றிலும் ஒரே பலன் கிட்டவில்லை என்பதையும் சேர்த்துச் சொல்வதே நியாயம். 2003இல் அமெரிக்க ஜனாதிபதிக்கு ஆலோசனை கூறிய உயிரறக் குழு, இப்படி வேதனையை மழுங்கடிப்பது கொடுமையைக் கொடுமையென்று உணரும் சக்தியையே மழுங்கடித்துவிடுமோ என்று கவலைப்பட்டது. அந்தப் பெரியவர்களிடம் எனக்கு மரியாதை உண்டு. ஆனாலும் உலகத்தின் நீதி உணர்ச்சி மங்காமல் இருக்கவேண்டும் என்பதற்காக ஒரு பெண் தினந்தோறும் பதறவேண்டும் என்பது, அந்தப் பதற்றம் தம் வீட்டில் இல்லாதவர்கள் சொல்லக்கூடிய வார்த்தை. பதற்றம் அவளுடையது; நடந்த சம்பவம் அனைவருடையது. முன்னதை அவள் சம்மதத்தோடு எவ்வளவு வேண்டுமானாலும் குறைக்கலாம். பின்னதை, அவளே கண்ணீர் விட்டுக் கேட்டாலும், மந்திரவாதி தொடக் கூடாது. அது அவளுக்குச் செய்யும் கொடுமையாகப் படலாம் என்பதை உணர்ந்தே சொல்கிறேன். ராபர்ட்ஸ் குடும்பத்தின் முறையீட்டை அழித்தவர்களும் அந்தக் குடும்பத்தின் நிம்மதிக்காகவே அழித்தோம் என்றுதானே சொல்லியிருப்பார்கள்.

நம் ஊர்களில் இந்தத் தொழில் ஏற்கனவே ஸ்டூடியோ என்ற பெயரில் நடந்துகொண்டிருக்கிறது. கல்யாணத்துக்கு ஆறு மாதம் முன்பு காலமான தகப்பனாரின் பாஸ்போர்ட் அளவுப் படத்தைக் கொண்டுபோய்க் கொடுத்தால், பட்டு வேட்டி கட்டி, அங்கவஸ்திரம் போட்டு, மணமகளின் வலப்பக்கத்தில் நிறுத்திச் சட்டம் போட்டுத் தருகிறார்கள். கழுத்து சற்றே விறைத்திருக்கும். விளக்கொளி அவர் முகத்தில் மட்டும் வேறு திசையிலிருந்து விழும். அந்தப் படத்தைக் கண்டு தாயார் அழுவதையும் கண்டு நிம்மதி அடைவதையும் நான் குறைசொல்ல மாட்டேன். கூடத்தில் இருக்கும் அத்தனை பேருக்கும் உண்மை தெரியும், ஆகையால் அங்கே வஞ்சனை இல்லை. தெரிந்தவர்கள் ஒவ்வொருவராகப் போய்ச் சேர்ந்த பின்புதான் சங்கடம். கிம்பர்லி வேடும் அவருடன் சேர்ந்தவர்களும் 2002இல் வெளியிட்ட ஆராய்ச்சியில், சிறுவயதுப் படத்தை வெப்பக்காற்று பலூன் ஒன்றுக்குள் ஒட்டிக் காட்டியபோது, 20 பேரில் பாதிப் பேர் ஏறாத பலூனில் ஏறிய ஞாபகத்தைச் சிறிதளவேனும் வரவழைத்துக்கொண்டார்கள். அவர்கள் வளர்ந்த மனிதர்கள். தாத்தா அம்மாவின் கல்யாணத்தில் நின்றார், நான் படத்தில் பார்த்திருக்கிறேன் என்று நாளைக்குப் பேரன் சொல்வது நிச்சயம். பாகத் தகராறில் அதுவே ஒரு சாட்சியமாக வந்து நின்றாலும் ஆச்சரியப்பட மாட்டேன்.

ஒட்டும் வேலையைச் செய்ய இப்போது ஸ்டூடியோகூட வேண்டாம், கைப்பேசியே செய்துவிடுகிறது, விவாகரத்தான மாப்பிள்ளையைக் குடும்பப் படத்திலிருந்து விரலால் துடைத்து எடுத்துவிட்டு, பின்னால் இருந்த வாழைமரத்தை அந்த இடத்தில் நிரப்பியும் தருகிறது. கைப்பேசியை யார் கட்டுப்படுத்துவது என்ற கேள்விக்கு என்னிடம் விடை இல்லை. ஆனால் பலகை மாட்டித் தொழில் நடத்துகிற ஸ்டூடியோக்காரரிடம் ஒன்று கேட்கலாம்: சேர்த்த படமானால் சட்டத்தின் பின்பக்கத்தில், யாரை, எந்தத் தேதியில் சேர்த்தது என்று ஒரு ரப்பர் முத்திரை குத்திக் கொடுக்கட்டும். முன்பக்கம் வேண்டியபடி இருந்துவிட்டுப் போகட்டும். முத்திரைக்கு ஆகும் செலவை வாடிக்கையாளர் கணக்கில் சேர்த்துக்கொண்டாலும் யாரும் பேரம் பேசமாட்டார்கள்.